மாடிப்படி விளக்கு

அக்கா போன அன்று மாலையிலிருந்து மாடிப்படி விளக்கு எரியவில்லை.

தெருக்கதவைத் திறந்ததும் இடது கைப்பக்கம் அதற்கு ஒரு சுவிட்ச். தங்கை வேலை முடிந்து வந்து அதைத் தட்டுவாள். செருப்பைக் கழற்றிக் கையில் எடுப்பதற்குள் படி முழுக்க வெளிச்சம் வந்துவிடும். கீழ்த்தளம் யாரோ ஒரு துணி வியாபாரியின் கிடங்கு. முதல் மாடி அக்காவுடையது. இரண்டாவது மாடி அவளுடையது. அக்காவின் கதவைத் திரும்பிப் பார்க்காமல் கடந்துபோவாள். தன் கதவைச் சாத்திய மறுநொடி விளக்கு அணைந்துவிடும். அக்கா வீட்டுக் கூடத்தில் அதே விளக்குக்கு இன்னொரு சுவிட்ச் இருந்தது. அரை நிமிஷம் கூடுதலாக எரிந்தால் சொத்து கரைந்துவிடும் மகராசிக்கு என்று தங்கை உள்ளே நின்று முணுமுணுப்பாள். பெரும்பாலான நாட்களில் அந்த வீட்டுக்குள் அவள் வாய்விட்டுச் சொல்வது அது ஒன்றுதான்.

அப்பா இறந்தபின் எந்த மாடி யாருக்கு என்று தொடங்கிய சண்டை, அவருடைய கட்டில் யாருக்கு என்பதில் போய் முடிந்தது. வீட்டைப் பிரித்தார்கள், மீட்டரைப் பிரித்தார்கள், பேச்சை நிறுத்தினார்கள். கட்டிலை மரக்கடைக்காரன் தூக்கிப்போனான். அதெல்லாம் நடந்து பல வருஷம் ஆகிறது.

தங்கை வேலை செய்வது, ஆலைகளுக்கு சுவிட்ச் பெட்டிகள் செய்யும் பட்டறையில். ஒரு பெட்டியைத் தொடுவதற்கு முன் டெஸ்டரை நல்ல பிளக்கில் வைத்து எரிகிறதா என்று பார்ப்பாள். பிறகு பெட்டியில் வைப்பாள். எரியாவிட்டால் மறுபடியும் பிளக்கில் வைத்து, செத்தது கரண்ட்தான், டெஸ்டர் இல்லை என்று உறுதி செய்துகொள்வாள். "டெஸ்டர் அக்கா தட்டுல சோத்தப் போட்டாலும் டெஸ்டர் வெச்சுப் பாத்துட்டுதான் கை வைக்கும்" என்று வெல்டர் அவளைக் கேலி செய்வான். அவள் சிரிக்காமல் வேலையைப் பார்ப்பாள். அந்தப் பெயரே அங்கே நிலைத்துவிட்டது.

விளக்கு எரியாத நான்காம் நாள் மத்தியானம் அக்காவின் மகன் பட்டறைக்குப் போன் செய்தான். அம்மா இப்போது அவன் வீட்டில் இருக்கிறாள். சனிக்கிழமை வெளிநாட்டுக்குக் கூட்டிப்போகிறான். இனி திரும்பி வருவது சந்தேகம். கடைசியாக, "சித்தி, ஒரு தடவை நீங்களே கூப்பிடுங்க. அவங்களா கூப்பிட மாட்டாங்க, ஆனா எடுப்பாங்க" என்றான். வேலை இருக்கிறது என்று சொல்லி வைத்துவிட்டாள்.

சொல்லாமல் போனவளை எதற்குக் கூப்பிட வேண்டும்? போகும்போது மெயினையும் அணைத்துவிட்டுப் போயிருக்கிறாள், படி இருட்டாகவே கிடக்கட்டும் என்று. வீடு வரும்வரை இந்த நினைப்பைத்தான் மென்றுகொண்டு வந்தாள்.

தெருக்கதவுக்குப் பக்கத்திலேயே மீட்டர் பலகை. செல்போன் வெளிச்சத்தில் பார்த்தாள். அக்காவின் மெயின் அணையவில்லை. பல்பையும் முந்தாநாள்தான் தங்கையே புதிதாக மாட்டியிருந்தாள். அப்படியானால் கோளாறு சுவிட்சில்தான். தன் மெயினையும் அக்காவின் மெயினையும் இறக்கினாள். பையிலிருந்த ஸ்குரூடிரைவரால் சுவிட்ச் பலகையைக் கழற்றினாள்.

உள்ளே சிலந்திவலை. சுவிட்சின் முதுகில் ஒயர் எதுவும் இல்லை. சுவரிலிருந்து வந்த ஒயர்களின் முனைகளை மடித்து, கறுப்பு டேப் சுற்றி, குழிக்குள் தள்ளியிருந்தார்கள். டேப்பின் பசை உருகி, தூசி படிந்து, கல்லாகியிருந்தது.

வேலை தெரிந்த கை செய்தது. ஒரே விளக்கு இரண்டு மீட்டருக்கு நடுவில் தொங்கினால், ஒரு மெயினை மட்டும் இறக்கிவிட்டுப் பல்பு மாற்றுகிறவன் மற்ற வீட்டுக் கரண்டில் செத்துப்போவான். மீட்டர் பிரித்த அன்று ஒயர்மேன் விளக்கை அக்கா பக்கம் சேர்த்துவிட்டு இதைக் கழற்றியிருக்கிறான். அவளாக இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பாள். அன்று அவள் பட்டறையில் இருந்தாள்.

அப்புறம் இத்தனை வருஷம் விளக்கு எப்படி எரிந்தது?

ஒயர் இல்லாத சுவிட்சை ஒரு முறை தட்டினாள். அந்தச் சத்தம் காலிப் படிகளில் மேலே ஏறிப்போனது. போன வருஷத்திலிருந்து வெளிச்சம் வரக் கொஞ்சம் தாமதமானது நினைவுக்கு வந்தது. அக்காவுக்கு முழங்கால் வலி என்று துணி வியாபாரி யாரிடமோ சொல்லிக்கொண்டிருந்ததும்.

தெருக்கதவில் சாய்ந்துகொண்டு செல்போனில் அக்காவின் எண்ணை அழுத்தினாள். மணி நெடுநேரம் அடித்தது.

"ம்" என்றாள் அக்கா.

"நான்தான். படி லைட் எரியல."

"எப்படி எரியும்? அதுல ஒயரே இல்லையே."

"என்கிட்ட யாரும் சொல்லலையே."

"உனக்குத் தெரியாதா?" அக்காவின் குரலில் நிஜமான திகைப்பு இருந்தது. "ஊருக்கெல்லாம் சுவிட்ச் மாட்டறவ நீ. தெரிஞ்சேதான் நீ தட்டறேன்னு நினைச்சேன். வந்துட்டேன், லைட்டப் போடுன்னு சொல்றியாக்கும்னு."

தங்கை, "அணைக்க மட்டும் அவ்வளவு அவசரம்?" என்று கேட்டாள்.

"நீ கதவைச் சாத்தினப்பறம்தானேடி அணைப்பேன். நீ உள்ள போய்ச் சேரணும்ல."

அடுப்பில் பாலை வைத்துவிட்டுக் காதை வாசலில் வைத்திருந்ததையும், பால் பொங்கி வழிந்ததையும் அக்கா சொன்னாள். குறையாக இல்லை, சமையல் கதை சொல்வதுபோல. டிக்கெட் எடுத்தாகிவிட்டது, மாற்ற முடியாது என்றும் சொன்னாள்.

"மாத்தச் சொல்லல. நாளைக்கு வரேன்" என்றாள் தங்கை.

"எதுக்கு?"

"பாக்கத்தான்."

"வா" என்றாள் அக்கா.

அடுத்து மேஸ்திரியைக் கூப்பிட்டு சனிக்கிழமைவரை லீவு கேட்டாள். பட்டறையில் சேர்ந்து அவள் கேட்கும் முதல் லீவு. உடம்புக்கு ஏதாவதா என்று அவர் பதறினார். இல்லை, அக்காவைப் பார்க்கப் போகிறேன் என்றாள்.

"உனக்கு அக்கா இருக்காங்களா? சொன்னதே இல்லையேம்மா. எங்க இருக்காங்க?"

கீழ் வீட்டில் என்று நாக்கு நுனிவரை வந்துவிட்டது.

"தூரத்துல" என்றாள்.