ஒற்றை மத்தி

தம்பி கரையில் வந்து உட்கார்ந்த நாளிலிருந்து மீன்கள் தாமாகவே மணலில் ஏறி வந்து அவன் கூடையில் விழுந்தன. காலை எட்டிலிருந்து ஒன்பதுக்குள் வரும். ஞாயிற்றுக்கிழமை கொஞ்சம் பிந்தும். முதல் வாரம் கூட்டம் கூடி வேடிக்கை பார்த்தது, அப்புறம் அவரவர் வேலையைப் பார்க்கப் போனார்கள். மற்றவர்கள் வலையில் மீன் குறையவில்லை. அண்ணன் வலையில் மட்டும் பாசியும் ஒற்றைச் செருப்பும் வந்தன. முப்பது வருடம் வலைக் கயிறு இழுத்து உள்ளங்கை மரத்துப்போனவன் அண்ணன். தம்பியோ ஈரக் கயிற்றைத் தொட்டாலே தும்முகிறவன். மத்தியானமானால் தம்பி பெண்டாட்டி ஒரு சட்டி மீனை அண்ணன் வீட்டுப் படியில் வைத்துவிட்டுப் போவாள். நாலு வருடம் அந்த வீட்டில் அந்த மீன்தான் வெந்தது. முள் எடுத்த துண்டிலும் அண்ணனுக்கு முள் குத்தியது.

"நீங்க பிடிச்ச மீனு ஒரு நாளாவது இந்த அடுப்புல வேகணுங்க. ஒண்ணு போதும்" என்றாள் அவன் மனைவி. அவள் குத்திக்காட்டவில்லை, அதுதான் குத்தியது.

மறுநாள் அண்ணன் படகு மறைவில் படுத்துத் தம்பி பேசுவதை ஒட்டுக்கேட்டான். தம்பி கடலைப் பார்த்து, "வாங்க, வாங்க. பாத்து வாங்க, கல்லு கிடக்கு" என்று வீட்டுக்கு வந்த சம்பந்தியை அழைப்பதுபோல் சொல்லிக்கொண்டிருந்தான். அண்ணனுக்கு வயிறு எரிந்தது. அந்தக் கரையில் மீனை யாரும் 'வாங்க' என்றதில்லை. கயிறு இழுக்கையில் 'வாடி, வாடி' என்றுதான் கத்துவார்கள். அதில் பெரிய குரல் அவனுடையது.

அவனும் தள்ளிப் போய் உட்கார்ந்து 'வாங்க' சொல்லிப் பார்த்தான். பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னதில் அது 'வாடி' மாதிரியே கேட்டது. பதினோரு நாள் ஒன்றும் வரவில்லை. பன்னிரண்டாம் நாள், தம்பியின் கூடை வழிவதைப் பார்த்துப் பொறுக்கமாட்டாமல் தண்ணீரோரம் போய் நின்று, உடைந்த குரலில் கேட்டான்: "அவன்கிட்டயே போறீங்களே, நான் உங்களுக்கு என்ன செஞ்சேன்?" கேட்ட பிறகுதான் தன் வாயிலிருந்து 'போறீங்க' வந்தது அவனுக்கு உறைத்தது.

ஒரு மத்தி வந்தது. விரல் நீளம். மணலில் ஏறி அவன் காலடியில் கிடந்தது.

தம்பி எழுந்து வந்து குனிந்து பார்த்தான். தன் கூடையில் விழுந்த எதையும் அவன் அப்படிப் பார்த்ததில்லை.

"இது ஏண்ணே என்கிட்ட வரல?"

அண்ணன் அதைத் துண்டால் மூடினான். "உனக்குத்தான் அத்தனை இருக்கே."

அன்றிலிருந்து தினமும் ஒன்று, ஒன்றே ஒன்று, அண்ணனிடம் வருகிறது. அவன் மனைவி அதை நாலாக நறுக்கி அடுப்பில் வைக்கிறாள். எட்டரைக்கெல்லாம் தம்பி நிறைந்த கூடையை விட்டுவிட்டு, அண்ணனுக்கு இன்றைக்கு என்ன வந்தது என்று எட்டிப் பார்க்க வந்துவிடுகிறான். அண்ணனுக்கு முள் குத்துவது நின்றது. தம்பிக்கு ஆரம்பித்திருப்பதாக அவன் பெண்டாட்டி சொன்னாள்.