கேன்கள் நின்ற வரிசை

பால் சங்கத்தில் உறுப்பினர்கள் அறுபத்திரண்டு பேர். அவர்கள் நிம்மதியாக ஓட்டுப் போடுவதற்காக நீதிமன்ற உத்தரவுப்படி வந்திறங்கிய போலீசார் நாற்பது பேர். மிச்சமுள்ள இருபத்திரண்டு பேர் யாரை நம்பி வருவார்கள் என்று சங்க எழுத்தருக்குக் கவலை.

இருபத்தெட்டு வருஷமாக அவர்தான் எழுத்தர். முன்பெல்லாம் தேர்தல், பால் ஊற்றிய பிறகு குழாயடியில் முடிகிற காரியம். "மாப்ளே, இந்தத் தடவை நீ இரு" என்பார் தலைவர், கேனைக் கழுவிக்கொண்டே. "எனக்கெதுக்கு மாமா அந்த வம்பு, நீங்களே இருங்க" என்பார் அவருடைய மச்சினன். கேனில் ஈரம் காய்வதற்குள் தலைவர் தேர்வாகிவிடுவார். எழுத்தர் 'ஏகமனதாக' என்று எழுதுவார். கிறுக்கல் கையெழுத்துக்காரரான அவருக்கு அந்த ஒரு சொல் மட்டும் குண்டு குண்டாக விழும்.

பிறகு தலைவர் ஒரு சுழல் நாற்காலி வாங்கினார். அறை சின்னது, கால் சுற்று சுற்றுவதற்குள் சுவரில் இடிக்கும். அந்தக் கால் சுற்றுக்குத்தான் மாமனுக்கும் மச்சினனுக்கும் முட்டிக்கொண்டது. இரண்டு வருஷமாகப் பேச்சில்லை. தன் உயிருக்கு ஆபத்து என்று மச்சினன் மனுப் போட்டார். அவர் உயிரை எடுக்கும் அளவுக்கு வேலையற்றவர்கள் அந்தப் பக்கத்தில் யாரும் இல்லை. ஆனாலும் போலீஸ் லாரி வந்துவிட்டது.

அன்று காலை உறுப்பினர்கள் வழக்கம்போல் வந்தார்கள். வழக்கம்போல் அவரவர் காலி கேனை வரிசையில் வைத்துவிட்டு மாட்டைக் கவனிக்கப் போய்விட்டார்கள். கேன் நின்றால் ஆள் நின்ற மாதிரி. முறை வரும்போது வந்தால் போதும். சங்கம் பிறந்ததிலிருந்து அதுதான் ஏற்பாடு.

இன்ஸ்பெக்டர் ஜீப்பிலிருந்து இறங்கினார். ஆளில்லாத வாசலில், இறுக மூடிய அறுபது அலுமினியப் பாத்திரங்கள் அணிவகுத்து நின்றன.

"யாரும் கிட்ட போகாதீங்க" என்றார்.

மோப்ப நாய் வந்தது. முதல் கேனின் மூடியை நக்கியது, இரண்டாவதையும் நக்கியது, மூன்றாவதன் பக்கத்திலேயே படுத்துக்கொண்டது. நாய்க்கு நம்பிக்கை வந்துவிட்டது. இன்ஸ்பெக்டருக்கு வரவில்லை.

"எது யாரோடதுன்னு தெரியாம ஒண்ணையும் தொட விடமாட்டேன்."

தேர்தல் அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார். "ஒரு மணி நேரத்துல ஆரம்பிக்கலைன்னா ரத்துன்னு எழுதிட வேண்டியதுதான். அப்புறம் சங்கத்தை நடத்த அரசாங்கத்துத் தனி அலுவலர் வந்துடுவார்."

எழுத்தருக்குப் பக்கத்துச் சங்கத்தின் ஞாபகம் வந்தது. அங்கேயும் தனி அலுவலர் வந்தார். வந்தவர் போகவில்லை, சங்கம் போய்விட்டது. எழுத்தருக்கோ உறுப்பினர்களை எண்ணால் தெரியும், கேனால் தெரியாது. இருபது வருஷம் முறை வைத்துப் பால் அளந்த இரண்டு பேருக்குத்தான் அது தெரியும். எழுத்தர் தலைவரிடம் ஓடினார். அங்கிருந்து மச்சினனிடம் ஓடினார்.

இருவரும் வரிசையின் இரு பக்கமும் நின்றார்கள், ஒருவரையொருவர் பார்க்காமல்.

"இது தையல்காரர் வீட்டுது" என்றார் தலைவர், இன்ஸ்பெக்டரைப் பார்த்து.

"அடுத்தது நெட்டையண்ணனோடது. கைப்பிடியில கம்பி சுத்தியிருக்கும்" என்றார் மச்சினன், நாயைப் பார்த்து.

நாற்பத்தோராவது கேனில் பெரிய நசுங்கல். "சைக்கிள்லேருந்து விழுந்தது" என்றார் தலைவர்.

"மாடு உதைச்சது."

"சைக்கிள். நான்தான் தூக்கி விட்டேன்."

"மாமா, உதைச்சது எங்க மாடு. எனக்குத் தெரியாதா?"

'மாமா' என்ற சொல் விழுந்ததும் எழுத்தர் கையிலிருந்த காகிதத்தைத் தேவையில்லாமல் புரட்டினார். இன்ஸ்பெக்டர் மட்டும், "உரிமையாளர் யாருன்னு சொல்லுங்க, போதும்" என்றார்.

ஐந்து நிமிஷம் மிச்சமிருக்க வாக்குப்பதிவு தொடங்கியது. இனி ஆள்தான் நிற்க வேண்டும் என்று உத்தரவு. பழக்கமில்லாத உறுப்பினர்கள் கையை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியாமல் நின்றார்கள். கடைசியில் வேட்பாளர்கள் இருவரும், ஒருவர் பின் ஒருவராக.

"அந்த மாடு உதைக்கவே உதைக்காது மாப்ளே. சாது."

"உங்ககிட்ட சாது. என் முட்டியைப் பாருங்க."

வரிசை நகர்ந்து நகர்ந்து அவர்கள் மேஜைக்கு முன்னால் வந்தார்கள். விரலில் வைக்க மை தயாராக இருந்தது. பெயர்ப் பட்டியலோடு உட்கார்ந்திருந்த எழுத்தர் நிமிர்ந்து பார்த்தார். பிறகு தலையைச் சாய்த்து, தாமதமாக வந்து பின்னால் நின்றிருந்த தையல்காரரைக் கூப்பிட்டார்.

"ஏன் அவங்களை விட்டுட்டீங்க?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"பேசி முடிக்கட்டும் சார்" என்றார் எழுத்தர். "மூணு மணி வரைக்கும் நேரம் இருக்கு."