வெளியே உதைத்த பெனால்டி

பேசி முடித்த பேரத்தை மறுபடி திறக்கும் பழக்கம் கம்பளி வியாபாரி ஜேபஸ் ஹோல்ராய்டுக்குக் கிடையாது. பிராட்ஃபோர்டு முழுக்க அது தெரியும். அவருக்குப் பிள்ளையாக வந்து பிறந்த ரோலண்ட், கோடையில் கிரிக்கெட், குளிரில் கால்பந்து என்று இருபத்தாறு வயதுவரை சம்பளமில்லாமல் ஓடிக்கொண்டிருந்தான். ஆடுவதற்குச் சம்பளம் வாங்கினால் கனவான் இல்லை, கூலிக்காரன். அந்த நாளைய வழக்கம் அது. ஜேபஸுக்கு அந்தக் கணக்கு கடைசிவரை பிடிபடவில்லை.

"மட்டையில பந்து பட்டது உனக்கு மட்டும்தான் தெரியும். நடுவர் விரலத் தூக்கவே இல்ல. நீயா கெளம்பி வந்துட்ட. அப்புறம் அந்த ஆளு எதுக்குடா அங்க நிக்கறாரு?"

"பட்டுப் பிடிச்சுட்டா நாமளே வெளிய நடந்துடணும்ப்பா. அதுதான் ஆட்டம்."

"விட்டா எதிர்க்கடைக்காரன் மூட்டையையும் நீயே தூக்கிட்டுப் போய் வண்டியில ஏத்துவ."

ஆனாலும் ஜேபஸ் கொடுமைக்காரர் இல்லை, வியாபாரி. அந்தக் குளிர்காலத் தொடக்கத்தில் மகனிடம் ஒரு பேரம் பேசினார். கோப்பைப் போட்டியில் ரோலண்டின் ஹெதர்லி கிளப் தோற்காத வரைக்கும் அவன் ஆடலாம். தோற்ற அன்றோடு காலணியும் மட்டையும் பரணுக்கு. மறு திங்கட்கிழமை முதல் கம்பளிக் கிடங்கில் வேலை. கிரிக்கெட்டும் சேர்த்தா என்று ரோலண்ட் கேட்டான். "பந்து எதுவானா என்ன, உருளறதுதானே" என்றார் ஜேபஸ். இருவரும் கைகுலுக்கிக்கொண்டார்கள்.

ஹெதர்லி இரண்டு சுற்று ஜெயித்தது. பள்ளிக்கூடத்தில் ஒன்றாக ஆடியவர்களின் கிளப் அது. உடை மாற்றும் அறையில் சேறும் தைலமும் புகையிலையும் கலந்து ஒரு வாடை அடிக்கும். இடைவேளையில் ஆரஞ்சுச் சுளைகளைத் தட்டில் வைத்து நீட்டுவார்கள். உறிஞ்சிவிட்டுத் தோலை ஒருவர்மேல் ஒருவர் எறிவார்கள். ரோலண்டுக்கு உலகத்தில் வேறெதுவும் வேண்டியிருக்கவில்லை.

மூன்றாம் சுற்றில் எதிரணி, சுரங்க ஊரான ஸ்கெல்த்வைட்டின் கூலி ஆட்டக்காரர்கள். ஜேபஸ் முதல்முறையாக மைதானத்துக்கு வந்து, மழைக்குக் குடைகூடப் பிடிக்காமல் கயிற்றோரம் நின்றார். சரக்கு கைமாறும் இடத்தில் தான் இருக்க வேண்டும் என்பது அவர் கொள்கை.

ஒரு கோல் வாங்கி ஹெதர்லி பின்தங்கியிருந்தது. ஆட்டம் முடியப்போகும் நேரத்தில் ரோலண்ட் அடித்த பந்து வலைக்குள் போக இருந்தது. ஸ்கெல்த்வைட்காரன் ஒருவன் அதைக் கையாலேயே தள்ளிவிட்டான். நடுவர் பெனால்டி கொடுத்தார். கோல் விழுந்தால் சமன். சமன் என்றால் மறு ஆட்டம், இன்னொரு சனிக்கிழமை, யார் கண்டது, இன்னொரு கோடையும்கூட.

ஆனால் ஹெதர்லியில் பெனால்டியை வெளியேதான் உதைப்பார்கள். எதிராளி வேண்டுமென்றே தப்பு செய்தான் என்று நம்புவதே ஒரு கனவானுக்கு இழுக்கு என்பது அவர்கள் கட்சி. கேப்டன் ஃபேன் பந்தை வைத்துவிட்டு, "ரோலி, வழக்கம்போல" என்று மட்டும் சொன்னார்.

ஸ்கெல்த்வைட் கோல்காப்பாளன் சைக்ஸுக்கும் இந்த வழக்கம் தெரியும். தெரிந்துதான் அவனுக்கு எரிந்தது.

"தொரை! ஒழுங்கா அடிங்க. எங்காளு வேணும்னுதான் தள்ளுனான், நானே பாத்தேன்."

"பரவாயில்ல சைக்ஸ். தவறிப்போய் பட்டிருக்கும்."

"தவறியா? ரெண்டு கையாலயும்யா தள்ளுனான்! அடிங்க, நான் புடிக்கிறேன். புடிக்க முடியலைன்னா அது என் பாடு. எனக்குப் பிச்சை போடாதீங்க."

ரோலண்ட் பந்தைப் பார்த்தான். வலப்பக்க மூலை திறந்து கிடந்தது. அவன் கால் அங்கேதான் போக ஆசைப்பட்டது. மூன்றடி ஓடி, கம்பத்துக்கு வெளியே, மிக மரியாதையாக உதைத்தான். சைக்ஸ் காறித் துப்பினான். கூட்டத்தில் பாதி கைதட்டியது, பாதி ஏசியது. ஹெதர்லி தோற்றது.

திரும்பும் ரயிலில் ஜேபஸ் நெடுநேரம் புகைக்குழாயைப் பற்றவைத்துக்கொண்டே இருந்தார். பெட்டியில் அவர்கள் இருவர்தான். ஹாலிஃபாக்ஸ் தாண்டியதும் தொண்டையைச் செருமினார்.

"டேய். கோடையில சனிக்கிழமை மத்தியானம் மட்டும் போய் ஆடிக்க. உள்ளூர்லயே."

ரோலண்ட் நிமிர்ந்து உட்கார்ந்தான். மனுஷன் பேரத்தைத் திறக்கிறார்! வெட்டிய புல்லும் எண்ணெய் தடவிய மட்டையும் மூக்குக்குள் வந்துவிட்டன. வாயோ வேறொன்று சொல்லிற்று:

"தோத்தா நிறுத்தறேன்னு கை குடுத்தேன்ப்பா. தோத்தாச்சு."

முதல் மறுப்பை எந்த வியாபாரிதான் மறுப்பாக எடுத்துக்கொள்வான்? ஜேபஸ் விலையை ஏற்றினார். "சரி, வெளியூர் ஆட்டத்துக்கும் போ."

"வேணாம்ப்பா. பேசினது பேசினதுதான்."

ஏற்றிய விலையையும் தள்ளுகிறவனை ஜேபஸ் தம் தொழிலில் பார்த்ததில்லை. இவனுக்கே ஆட்டம் சலித்துவிட்டது போலும் என்று முடிவு கட்டினார். அப்புறம் அவர் கேட்கவே இல்லை. இன்னும் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் ரோலண்ட் ஒப்புக்கொண்டிருப்பான். அதற்காகத்தான் பிராட்ஃபோர்டு ஸ்டேஷன் வரும்வரை ஜன்னலைப் பார்ப்பதுபோல் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு வந்தான்.

திங்கட்கிழமை கிடங்குக்குப் போனான். வெளியே உதைத்த கதை அவனுக்கு முன்பே சந்தைக்குப் போயிருந்தது. கைக்கு வந்த கோலையே வேண்டாமென்றவன் நம் தலையிலா மிளகாய் அரைக்கப்போகிறான் என்று, அவன் சொன்னால் மூட்டையைப் பிரிக்காமலே வாங்கினார்கள். முப்பது வருஷம் வியாபாரம் ஓகோவென்று நடந்தது. பெனால்டிக்காக அவன் ஒருநாளும் வருந்தியதில்லை. ரயிலில் சொன்ன 'வேணாம்ப்பா'தான் சில ராத்திரிகளில் புரட்டிப் போடும்.

கோடைச் சனிக்கிழமைகளில், கிடங்கைப் பூட்டிவிட்டு, மாடி டிராமில் மேல்தட்டுக்கு ஏறிக்கொள்வார் ரோலண்ட் ஹோல்ராய்ட். பார்க் அவென்யூ வளைவில் மதிலுக்கு மேலாக கிரிக்கெட் மைதானம் தெரியும், வெள்ளைச் சட்டைகள் தெரியும். கடைசி நிறுத்தம்வரை போய் அதே டிராமில் திரும்புவார்.

ஒருநாள் பக்கத்தில் இருந்த ஆசாமி, அவர் எட்டிப் பார்ப்பதைக் கண்டு விசாரித்தான்.

"ஐயா ஆடினவங்களோ?"

"ஆடினேன். நிறுத்திட்டேன்."

"ஏன், கால்ல அடிபட்டுச்சா?"

டிராம் வளைவைத் தாண்டியது. மைதானம் மறைந்தது.

"அடியெல்லாம் இல்ல தம்பி" என்றார் ரோலண்ட். "மரியாதை."