தெரிந்த நாள்

பதினேழாம் பாராவுக்கு மட்டும் எதிர்த்தரப்பிலிருந்து மஞ்சள் பூசி அனுப்பியிருந்தார்கள். மஞ்சள் பூசினால் மங்கலம் என்பது வீட்டு வழக்கம். வக்கீல்கள் பூசினால் அங்கே ஒரு குழி இருக்கிறது என்று அர்த்தம். வஞ்சியூர் கோர்ட்டுக்கு எதிர்ச் சந்தில், ஸ்ரீகண்டன் வக்கீலின் மாடி ஆபீசில் உட்கார்ந்து கௌசல்யா அந்தப் பாராவை நாலாவது முறையாகப் படித்தாள். அவள் அங்கே ஜூனியர். வாக்குமூலம் கொடுத்தவள் செண்பகவல்லி, கௌசல்யாவைப் பெற்றவள். மகளே மொழிபெயர்த்தால் லண்டன் கோர்ட்டில் செல்லாது என்று, வலியசாலை பிச்சுமணி சாரைக் கூப்பிட்டு ஆங்கிலத்தில் எழுத வைத்திருந்தார்கள். முப்பது வருடம் கோர்ட்டில் அதே வேலையைப் பார்த்து ரிட்டயரான மனிதர் அவர். ஒரு சொல்லைக் கூட்டவும் மாட்டார், குறைக்கவும் மாட்டார். அவர் குறைக்காததுதான் இப்போது தலைக்கு மேல் வந்து நிற்கிறது.

பாராவில் இருந்தது இவ்வளவுதான். ‘அந்த மருந்து ஆளைக் கொல்லும் என்று எங்களுக்கு அன்றைக்கே தெரியும். என் மகள் பத்தாம் வகுப்பு படித்த வருடமே, இந்தப் பம்பு என்னைக் கொண்டுதான் போகும் என்று என் வீட்டுக்காரர் சொன்னார். நாங்கள் ஒன்றும் தெரியாதவர்கள் இல்லை.’

வீட்டுக்காரர் வன்னியராஜ், விதுரா தாண்டிப் பொன்முடி ஏறும் வழியிலுள்ள ஆஷ்ஃபீல்டு எஸ்டேட்டில் பதினெட்டு வருடம் முதுகில் டாங்க்கைக் கட்டிக்கொண்டு தேயிலைக்கு இடையில் களைமருந்து அடித்தவர். முகத்துக்கு ஒரு துண்டு, காலுக்கு ரப்பர் செருப்பு, அதுதான் பாதுகாப்பு. கடைசி இரண்டு வருடம் கம்பெனி கொடுத்த லயத்து வரிசை அறையில் மூச்சுக்கு அடித்துக்கொண்டு கிடந்து, இரண்டாயிரத்து இருபத்தொன்றில் போய்ச் சேர்ந்தார். அவரைப் போல நாற்பத்தொரு குடும்பம். எஸ்டேட்டின் தாய்க் கம்பெனிக்குத் தலைமை ஆபீஸ் லண்டனில்.

கம்பெனியின் தலை எங்கே இருக்கிறதோ அங்கேயே போய் நியாயம் கேட்கலாம் என்பதைக் கௌசல்யா ஒரு மூன்று நாள் பயிற்சியில்தான் தெரிந்துகொண்டாள். எர்ணாகுளத்தில் ஏசி ஹாலில் நடந்தது அது. ஜெனிவாவிலிருந்து ஒருவர் திரையில் வந்து, மனித உரிமைக்கு எல்லைக்கோடு கிடையாது என்றார். கௌசல்யா அதை அப்படியே நோட்டில் எழுதி அடியில் இரண்டு கோடு போட்டாள். லயத்துப் பிள்ளைக்கு அன்றைக்கு வந்த சந்தோஷம் இருக்கிறதே, அதைச் சொல்லி முடியாது. நேபாளத்துக்காரர்களும் ஜாம்பியாக்காரர்களும் லண்டனில் போட்ட இதே மாதிரி வழக்குகளைப் படித்தாள், லண்டன் வக்கீல்களுக்கு மெயில் அனுப்பினாள், ஸ்ரீகண்டன் சாரைச் சம்மதிக்க வைத்தாள், மலையேறிப் போய் நாற்பத்தொரு வீட்டிலும் கையெழுத்து வாங்கினாள்.

வாக்குமூலம் வாங்குவதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை சங்கக் கட்டடத்தில் எல்லாரையும் உட்கார வைத்துப் பேசினாள். லயத்து ஆட்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. லேபர் ஆபீசர் வந்தாலும் போலீஸ் வந்தாலும் கணக்கெடுக்க வந்தாலும், கையைக் கட்டிக்கொண்டு ‘தெரியாது சார்’ என்று சொல்லிவிடுவார்கள். மூன்று தலைமுறையாக அந்த ஒரு சொல்லை வைத்துத்தான் வேலையையும் அறையையும் காப்பாற்றி வந்திருக்கிறார்கள். சின்ன வயதில் அப்பா அப்படிக் கைகட்டி நின்றதைப் பார்த்துக் கௌசல்யாவுக்கு உடம்பெல்லாம் எரிந்திருக்கிறது. அந்த எரிச்சலோடுதான் அன்றைக்குப் பேசினாள்.

“இனிமே யாரும் தெரியாதுன்னு சொல்லக்கூடாது. நமக்கு எல்லாம் தெரியும். தெரியும்னு தலை நிமிந்து சொல்லுங்க. லண்டன்காரன் நம்மள முட்டாள்னு நெனைக்கப்பிடாது, கேட்டீங்களா?”

கேட்டார்கள். நாற்பத்தொரு பேரில் முப்பத்தாறு பேர் ‘அன்றைக்கே தெரியும்’ என்று சொல்லியிருந்தார்கள். செண்பகவல்லிதான் முதல் வாதி; அவள் வழக்கு நின்றால்தான் மற்றவர்களுடையதும் நிற்கும். அவளுடையதுதான் எல்லாவற்றிலும் தெளிவாக இருந்தது.

சட்டத்தில் ஒரு கணக்கு இருக்கிறது. உன் நோய்க்கு இன்னார் காரணம் என்று உனக்குத் தெரிந்த நாளிலிருந்து மூன்று வருடம். அதற்குள் வழக்குப் போட வேண்டும், தாண்டினால் கதவை அடைத்துவிடுவார்கள். கௌசல்யா அதைப் படித்திருந்தாள், பரீட்சையிலும் எழுதியிருந்தாள். மருந்துதான் காரணம் என்று மெடிக்கல் காலேஜ் டாக்டர் காகிதத்தில் எழுதிக் கொடுத்த நாளிலிருந்துதான் கணக்கு என்று அவளாகவே முடிவு செய்துகொண்டாள். லயத்து அறையில் ராத்திரிச் சோற்றுக்கு முன்னால் அப்பா சொன்ன ஒரு வார்த்தையிலிருந்து சட்டம் நாள் எண்ணத் தொடங்கும் என்று அவளுக்குத் தோன்றவே இல்லை. ஏழைக்குத் தெரிந்ததைச் சட்டம் என்றைக்காவது அறிவு என்று ஒப்புக்கொண்டிருக்கிறதா? ஒப்புக்கொண்ட ஒரே இடம் இதுதான்.

அந்த மஞ்சளைப் பூசியது லண்டனில்தான் என்றும் இல்லை. பெரிய வக்கீல் கம்பெனிகளின் கட்டுக் கட்டான காகிதத்தைப் படித்துப் பார்த்து, வேண்டிய வரிக்கு நிறம் தீட்டிக் கொடுக்க என்றே, ஐ.டி. கம்பெனிகள் இருக்கும் கழக்கூட்டத்தில் ஆபீஸ்கள் இருக்கின்றன. கௌசல்யாவோடு படித்தவர்களில் பாதிப்பேர் அங்கேதான் இருக்கிறார்கள். கரமனை அக்ரஹாரத்து மஹேஷ், அவளுக்குப் பக்கத்துப் பெஞ்சு, தினமும் கம்பெனி வேனில் போகிறான். என்ன கேஸ் என்று கேட்டால், சொல்லக்கூடாது என்று கையெழுத்துப் போட்டிருப்பதாகச் சிரிப்பான். அவனாகவும் இருக்கலாம், முகம் தெரியாத வேறு யாராகவும் இருக்கலாம். யாரானாலும் வேலையைச் சரியாகத்தான் செய்திருந்தார்.

மத்தியானம் லண்டன் வக்கீலம்மா திரையில் வந்தாள். நல்லவள். கண்ணுக்கடியில் கறுப்பாக இருந்தது. எதிர்த்தரப்பு வழக்கையே தள்ளச் சொல்லி மனுப் போட்டிருக்கிறது என்றாள். வழக்குக்குச் செலவு செய்கிற நிறுவனம் விலகப் பார்க்கிறது என்றாள். செண்பகவல்லியின் ஞாபகம் வேறு விதமாக இருந்தால், அவள் விரும்பினால், வெள்ளிக்கிழமைக்குள் இன்னொரு வாக்குமூலம் தரலாம் என்றாள். என்ன சொல்ல வேண்டும் என்று மட்டும் தன் வாயால் சொல்லவே மாட்டேன் என்பதையும் இரண்டு தடவை சொன்னாள்.

திரை அணைந்ததும் ஸ்ரீகண்டன் சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். எஸ்டேட் கட்சிக்காரர்களோடு பழகிப் பழகி அவருக்கு ஒரு கலப்புத் தமிழ் உண்டு.

“கௌசல்யே, ஒற்றைக் காரியம். டாக்டர் பறஞ்சப்பம்தான் அறிஞ்சேன்னு அம்மை பறயணும். அதுக்கு முன்னே ஒண்ணும் அறியில்லா. அது போதும்.”

“அது பொய்யில்லையா சார்?”

“பின்னே? பக்‌ஷே வேற வழி உண்டெங்கில் நீ பற.”

அவள் மஞ்சள் பூசிய பாராவை மூடி வைத்தாள்.

மறுநாள் காலை தம்பானூரிலிருந்து பஸ் பிடித்தாள். பைக்குள், ஸ்ரீகண்டன் சார் ஆங்கிலத்தில் தயார் செய்த புது வாக்குமூலம் தட்டெழுத்தில் ஒன்றரைப் பக்கம் இருந்தது. அம்மா மத்தியானச் சோற்றுக்கு வந்து, வாசல் குழாயில் கால் கழுவிக்கொண்டிருந்தாள். விரலிடுக்கெல்லாம் கொழுந்துக் கறை. மகள் சொன்னதை முழுக்கக் கேட்டாள், குறுக்கே பேசவில்லை.

“அப்பம் தெரியாதுன்னு சொல்லணுமா?”

“ஆமாம்மா.”

“தெரியாதுன்னு சொல்லாதேன்னு நீதானட்டி படிச்சுப் படிச்சுச் சொன்ன.”

“சொன்னேன். அது தெத்தாயிப் போச்சு. தெரிஞ்சிருந்தா அப்பமே கேஸ் குடுத்திருக்கணும்ங்காவ.”

“அப்பம் யார்ட்ட குடுக்க?” என்றாள் செண்பகவல்லி. கோபமாகக் கேட்கவில்லை. உண்மையாகவே, அந்த வருடம் எந்த ஆபீசுக்கு, எந்த பஸ்சில், யாரைத் துணைக்குக் கூட்டிக்கொண்டு போயிருக்கலாம் என்று யோசிப்பவளைப் போலக் கேட்டாள். பிறகு சேலைத் தலைப்பில் கையைத் துடைத்துக்கொண்டு படியில் உட்கார்ந்தாள்.

“ஒண்ணு உங்கிட்ட சொல்லலை. அந்த லண்டன் பொம்பளைட்டயும் சொல்லலை. நீ லா காலேஜ்ல சேந்தியல்லா, அந்த வருசம் அவுக பம்ப எறக்கி வச்சிட்டாவ. என்னால ஏலாது செண்பகம், ரத்தமா வருதுன்னாவ. மருந்து அடிக்கதுக்கு நாளுக்குக் கொஞ்சம் கூட உண்டும்லா. நான்தான், பிள்ளை படிச்சு முடியட்டும், இந்த அஞ்சு வருசம் எடுத்துருங்கன்னேன். மறுபேச்சுப் பேசலை. காலைல எந்திரிச்சுப் போயிட்டாவ.”

ஹாஸ்டலில் தான் தின்ற சோறெல்லாம் எந்தக் கூலியில் வந்தது என்று கௌசல்யாவுக்கு இப்போதுதான் விளங்கியது. அந்த ஐந்து வருடத்தில் ஒரு லீவுக்கு வந்தபோது, அப்பா ஏன் இப்படி இருமுகிறார் என்று கேட்டதும், பீடி என்று அவர் சொன்னதும், தான் அதை நம்பிவிட்டுப் போய்ப் படுத்ததும் ஞாபகம் வந்தது. நம்பினேனா? டாங்க்கின் நாற்றம் அவர் சட்டையில் இருந்ததே. அம்மாவைப் பார்க்க முடியவில்லை. பையிலிருந்து காகிதத்தை எடுத்தாள்.

“இதுல எங்க கையெழுத்துப் போடணும்?” என்றாள் செண்பகவல்லி.

“வேண்டாம்மா. போட வேண்டாம். விட்டுரலாம்.”

“நாப்பது வீடு கெடக்கு. நீ விட்டுட்டுப் போயிருவ. நான் இங்கதான் தண்ணி பிடிக்கணும்.” காகிதத்தை வாங்கி மடியில் வைத்தாள். பிச்சுமணி சார் போனில் வந்து, தன்னிடமிருந்த நகலை வரி வரியாகத் தமிழில் வாசித்தார். ‘என் கணவரின் நோய்க்கு அந்த மருந்து காரணம் என்று, டாக்டர் சொல்லும்வரை எனக்குத் தெரியாது’ என்ற இடத்தில் வந்து, “சரிதானே அம்மா? இது நீங்கள் சொன்னதுதானே?” என்று நிறுத்தினார்.

போனில் அந்தப் பக்கம் அவர் மூச்சு விடுவது கேட்டது.

“ஆமா சார்,” என்றாள். “தெரியாது சார்.”

உட்கார்ந்தபடியே அவள் இரண்டு கைகளும் மார்புக்குக் குறுக்கே போய்க் கட்டிக்கொண்டன. கௌசல்யா முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

எழுத்துக் கூட்டிக் கையெழுத்துப் போட்டு முடித்தபின், மை காயட்டும் என்று காகிதத்தை ஊதிக்கொண்டே செண்பகவல்லி கேட்டாள். “ஏட்டி, இப்படி எழுதிக் குடுத்தா, நான் தெரியாமத்தான் அவுகள அனுப்புனேன்னு ஆயிரும்லா?”

கேலியாகக் கேட்கவில்லை. ஆகிவிடும் என்று யாராவது படித்தவர்கள் சொன்னால் நம்பிக்கொள்ளலாம் என்று காத்திருப்பவளைப் போல மகளின் முகத்தையே பார்த்தாள். கௌசல்யா படித்தவள்தான். ஐந்து வருடம் படித்தவள். காகிதத்தை வாங்கி உறையில் போட்டாள்.

பஸ் மலையிறங்கத் தொடங்கியபோது மூன்று மணி இருக்கும். பழைய வாக்குமூலத்தையும் புதியதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, இந்தப் பெண் பொய்க்காரி என்று லண்டன் கோர்ட்டில் ஒருவர் எழுந்து நின்று சொல்லப்போகிறார். அது கௌசல்யாவுக்குத் தெரியும். ஸ்ரீகண்டன் சாருக்கும் தெரியும். உண்மை சொன்னால் காலம் கடந்தது, பொய் சொன்னால் அம்மா பொய்க்காரி. எந்த வழியிலும் அப்பா இல்லை.

ஏழாம் வளைவில் டிரைவர் வேகத்தைக் குறைத்தார். சரிவில் நாலைந்து பேர் முதுகில் டாங்க்கோடு வரிசையாக நடந்துகொண்டிருந்தார்கள். முகத்தில் துண்டு. குழாய் முனையிலிருந்து கிளம்பிய வெள்ளைப் புகை காற்றில் சாய்ந்து ரோட்டைப் பார்க்க வந்தது.

யாரும் யாரிடமும் ஒன்றும் சொல்லவில்லை. பால்கேனை மடியில் வைத்திருந்த பெரியவர், போனில் பேசிக்கொண்டிருந்த நர்ஸ், பின்சீட்டில் தூங்கி வழிந்த இரண்டு பேர், கைக்குழந்தைக்காரி, கண்டக்டர் எல்லாரும் கையை உயர்த்தி அவரவர் ஜன்னல் ஷட்டரை இறக்கினார்கள். படபடவென்று முன்னாலிருந்து பின்னால் வரைக்கும் பஸ் இருட்டாகிக்கொண்டே வந்தது. கௌசல்யாவும் இறக்கினாள்.