ஒரு மணிக்குள் சொல்ல வேண்டிய பெயர்

சட்டம் ஏழைக்கும் ஒரு வழி விட்டிருந்தது; அதற்கு ஒரு கெடுவும் வைத்திருந்தது. மலாக்கா கூட்டுறவு அலுவலகத்தில் அந்தக் கெடு இன்று, சனிக்கிழமை, பகல் ஒரு மணியோடு முடிகிறது. சிவகாமசுந்தரி மூச்சிரைக்க ஜன்னல் முன்னால் வந்து நின்றபோது கால் மணி நேரம்தான் பாக்கி இருந்தது.

மலாயாவுக்குச் சுதந்திரம் வந்த மறு வருடம் அது. காஜா பெராங்கில் வீட்டுக் கூட்டுறவுச் சங்கம் ஒதுக்கிய மனையில் அவளும் கணவனும் செங்கல் சுமந்து கட்டிய வீடு இனி அவர்களுடையது அல்ல என்று போன மாதம் தீர்ப்பு வந்தது. உறுப்பினர் தானே குடியிருக்க வேண்டுமாம். உறுப்பினரான அவள் புருஷன் ஜொகூருக்கு ஆறு மாதம் வேலைக்குப் போனதை, ஊரை விட்டே போய்விட்டதாக எழுதிப் பெயரை அடித்துவிட்டார் செயலாளர் சேதுராமன். அந்த வீட்டின் மேல் சேதுராமனின் மைத்துனனுக்கு ஒரு கண். மேல்முறையீட்டுக்கு ஒரு மாதம் கொடுத்தார்கள். பாவி மனுஷன் அந்த மாதத்தில்தானா குடல் புண் வெடித்து ஆஸ்பத்திரியில் விழ வேண்டும்! நேற்றுத்தான் வயிற்றைக் கிழித்துத் தைத்திருந்தார்கள். இன்று அவர் கண் விழித்த கொஞ்ச நேரத்தில் மனுவில் கைநாட்டு வாங்கிக்கொண்டு ஓடிவந்திருந்தாள்.

ஜன்னலுக்குப் பின்னால் குமாஸ்தா தனபாலன், கம்போங் செட்டிக்காரர்; தலைமுறை தலைமுறையாய் மலாக்காவிலேயே ஊறிய தமிழ் வம்சம். நெற்றியில் திருநீறு உண்டு, வாயில் தமிழ் கிடையாது, எல்லாம் மலாய்தான். கைநாட்டைப் பார்த்ததும் மனுவிலிருந்த பெயரை உள்ளங்கையால் மறைத்துக்கொண்டார்.

"நாமா சியாப்பா?" பெயர் என்ன என்று கேட்டார்.

எவனோ பொய்க் கைநாட்டு வைத்துப் போனதிலிருந்து அவர் கறார். பிறருக்காக மனு கொண்டுவருபவர் அது யாருக்காக என்று வாய்விட்டுச் சொல்லியாக வேண்டும்.

"லாக்கி சாயா, துவான்." என் புருஷன், ஐயா என்றாள்.

அவர் மறுபடியும் பெயரையே கேட்டார்.

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க மாட்டார் என்பது இதுதான். கழுத்தில் தாலி ஏறிய நாளிலிருந்து அவள் அந்தப் பெயரைச் சொன்னதில்லை. சொன்னால் புருஷன் ஆயுசு குறையும். பக்கத்து வீட்டுப் பூங்காவனம் வாய் தவறிச் சொன்னாள். அந்த வருடமே தாலி இறங்கியது. இன்றைக்கா, அவர் தையலோடு கிடக்கும் இன்றைக்கா சொல்வது? எழுதத் தெரிந்திருந்தால் எழுதியாவது காட்டியிருப்பாள்.

பின்னால் பெஞ்சில், குடையை மடியில் கிடத்திக்கொண்டு, மணி அடிக்கக் காத்திருந்தவர் வேறு யாருமல்ல, சேதுராமன்தான். வேறு வழியில்லாமல் அவரிடமே திரும்பினாள்.

"அண்ணே, நீங்களாச்சும் சொல்லுங்கண்ணே."

"எனக்கென்னம்மா தெரியும்? ஒங்க வீட்டுக்காரரு பேர நீங்கதானே சொல்லணும்."

சிரிக்காமல் சொன்னார். 

காதிலிருந்த முத்துத் தோட்டைத் தொட்டுக் காட்டினாள். பாதிப் பெயர் அதில் இருந்தது. அவள் கெஞ்சும் கண்ணையும் தோட்டையும் பார்த்த தனபாலனுக்கு முகம் சிவந்துவிட்டது. லஞ்சம் கொடுக்கிறாள் என்று நினைத்துவிட்டார்! மனுவை வெளியே தள்ளினார். "துத்தூப்!" மூடியாச்சு என்று ஜன்னல் கதவை இழுத்தார்.

மூடுகிற கதவுக்கு இடையில் அவள் கையைக் கொடுத்தாள். விரல்கள் நசுங்கின. வலியா, பயமா, கோபமா, எது முந்தியது என்று அவளுக்கே தெரியாது.

"மருதமுத்து! மருதமுத்து! எம்புருஷன் பேரு மருதமுத்து!"

அலுவலகம் முழுவதும் திரும்பிப் பார்த்தது. தனபாலன் கதவை விட்டுவிட்டு, தள்ளிய மனுவை மறுபடி இழுத்துப் பெயரைப் பார்த்தார். முத்திரை விழுந்தது. அதற்குப் பிறகுதான் மணி அடித்தது. சேதுராமன் குடையை எடுத்துக்கொண்டு எழுந்து போனார்.

சிவகாமசுந்தரிக்குச் சந்தோஷம் வரவில்லை. ஆஸ்பத்திரி வரைக்கும் ஓடினாள். வார்டில் அவர் கட்டிலைச் சுற்றி வெள்ளைத் திரை இழுத்து விட்டிருந்தார்கள். செத்தவர்களுக்குத்தான் அப்படி மறைப்பார்கள் என்று அவள் கேட்டிருந்தாள். கால் அங்கேயே நின்றுவிட்டது. 'ஏங்க' என்று கூப்பிட வாயெடுத்தாள். வந்தது வேறு.

"மருதமுத்து!"

திரை விலகியது. கட்டு மாற்றிக்கொண்டிருந்த தாதி எட்டிப் பார்த்தாள். அவளுக்குப் பின்னாலிருந்து ஈனமாய் ஒரு குரல் வந்தது.

"யாருடி அது, எம்பேரச் சொல்லிக் கூப்புடுறது?"

அவள் தரையிலேயே உட்கார்ந்து அழுதாள்.

"நாந்தாங்க. வீட்டுக்கு அப்பீலு போட்டுட்டேன். ஒங்களுக்கு ஒண்ணுன்னா நா எங்க போயி அப்பீலு போடுவேன்?"