கடைக்குட்டிப் பிரபு

மழித்த மண்டையில் புதுப் பொய்முடியைப் பொருத்திவிட்டு, பாஸ்க் இரண்டடி பின்னால் போய் நின்று அழகு பார்த்தான். பன்னிரண்டு வருடமாகக் கார்ஸ்வுட்டுக்குச் சவரம் செய்கிறவன். எசமானுக்குப் பிரபு பட்டம் வந்து மூன்று வாரம்தான் ஆகிறது என்றாலும், அது தனக்கே கிடைத்தது போன்ற மிதப்பு அவனுக்கு.

"எடுப்பா இருக்கு பிரபு. இன்னிக்கு மண்டபத்துல மொதல் வார்த்தையே உங்களுதுதானாமே? லண்டன் பூரா அதே பேச்சு."

"கத்தியத் தொடச்சு வெச்சுட்டுப் போடா."

ஜன்னலோரம் அவர் மனைவி லெட்டிஸ் சிரித்தாள். அவள் மடியில் அவருடைய சிவப்பு அங்கி கிடந்தது. தோளில் இரண்டு வரிசை வெள்ளை ரோமம். ஒன்று சரியாகத் தைக்கப்படவில்லை.

"வெசாரண முடியட்டும், பட்டத்த அப்புறமா வாங்கிக்கலாம்னு தலபாடா அடிச்சிக்கிட்டேன். ராஜா மனசு மாறிடும்னு பறந்தீங்க. இப்ப அனுபவிங்க."

அவள் சொன்னதில் தப்பில்லை. ஒரு பிரபுவின் மீது ராஜதுரோகக் குற்றம் வந்தால், மற்ற பிரபுக்கள் ஒவ்வொருவராக எழுந்து தீர்ப்புச் சொல்ல வேண்டும். கடைசியாகப் பட்டம் வாங்கியவர் முதலில் சொல்வார், பட்டத்தில் எல்லோருக்கும் மேலான டியூக்குகள் கடைசியில். பெரியவர்களின் வாயைப் பார்த்துச் சின்னவர்கள் பின்பாட்டுப் பாடிவிடக் கூடாதென்று வைத்த வழக்கம். கார்ஸ்வுட்டின் அரசியல் முழுக்கவே பின்பாட்டுதான். அரச குடும்பத்தைத் துரத்திவிட்டு கிராம்வெல் ஆண்ட காலத்தில் கிராம்வெல்லின் ஆட்களோடு இருந்தார். அரசர் திரும்பி வருகிறார் என்றதும் எல்லோரும் கடல் தாண்டி எதிர்கொள்ள ஓடியபோது, முதல் கப்பலில் ஏறாமல் மூன்றாவது கப்பலில் ஏறினார். அன்றைக்கு அரசர் அவரை ஏற இறங்கப் பார்த்தபோது, பக்கத்தில் நின்ற டன்ஸ்மியர் பிரபு தோளில் கை போட்டு, "இவரு நம்ம ஆளு, நான் பொறுப்பு" என்றார். அந்த டன்ஸ்மியர்தான் இப்போது குற்றவாளிக் கூண்டில் நிற்கிறார்.

லெட்டிஸ் நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள். "தோட்டத்துல நின்னு சதி பேசுனாருன்னு சாட்சிக்கு வந்த அந்த வண்டிக்காரன் சொல்ற அதே சாயங்காலம், டன்ஸ்மியர் நம்ம மேசைல ஒக்காந்து சிப்பி தின்னுக்கிட்டு இருந்தாரு."

"என்ன யாரும் சாட்சிக்குக் கூப்பிடல."

"நீங்களாப் போயிருக்கலாமே?"

அவர் கண்ணாடியைப் பார்த்துக் கழுத்துப்பட்டியைச் சரிசெய்தார். "நான் எண்ணிப் பாத்துட்டேன் லெட்டிஸ். முப்பத்தோரு பேர்ல இருபது பேர் குற்றவாளின்னுதான் சொல்லுவாங்க. நான் ஒருத்தன் மாத்திச் சொல்லி என்ன ஆகப் போவுது?"

"அந்த இருபது பேரும் யாரு வாயப் பாத்துக்கிட்டு இருக்காங்கன்னு எண்ணுனீங்களா?"

அவர் மேசையிலிருந்த தண்ணீரை எடுத்து மடமடவென்று குடித்தார். நாடாளுமன்றத்தில் மூன்று மணி நேரம் தண்ணீர் குடிக்காமல் பேசியவர் அவர்.

வெஸ்ட்மின்ஸ்டர் மண்டப வாசலில் அரண்மனை ஆள் சர் ஜெர்வாஸ் வழிமறித்தார். "ஆரம்பம் நல்லா அமையணும்னு ராஜா பிரியப்படுறாரு. கடற்படைல நீங்க கேட்ட அந்தப் பதவி இன்னும் காலியாத்தான் இருக்கு, பிரபு."

"என் குரல் கடைசி வரிசை வரைக்கும் கேக்கும். கவலப்படாதீங்க" என்றார் கார்ஸ்வுட். பழைய தெம்பு வந்துவிட்டது. எந்தப் பக்கம் போகலாம் என்று இன்னும் முடிவு செய்யவில்லை என்பது அவருக்கு மட்டும் தெரியும்.

தீர்ப்பைக் கைதி கேட்கக் கூடாது என்பது முறை. டன்ஸ்மியரை வெளியே அழைத்துப் போனார்கள். போகும்போது அவர் கார்ஸ்வுட்டை ஒருமுறை பார்த்தார். அந்தப் பார்வையில் கெஞ்சல் இல்லை. காலையில் தெருவில் எதிர்ப்பட்டால் பார்ப்பது போலத்தான் பார்த்தார். கெஞ்சியிருந்தால் கார்ஸ்வுட் அவரை வெறுத்திருக்கலாம்.

வெள்ளைக் கோலுடன் உயர்ந்த நாற்காலியில் இருந்த நடுவர் பெயர் சொல்லி அழைத்தார். "கார்ஸ்வுட் பிரபுவே, டன்ஸ்மியர் பிரபு இந்த ராஜதுரோகக் குற்றத்தைச் செய்தவரா, இல்லையா?"

கார்ஸ்வுட் எழுந்தார். தொப்பியை எடுத்தார். வலது கையை மார்பில் வைத்தார். அங்கிக்கு அடியில் நெஞ்சு தடதடவென்று அடித்தது. பயம்தான். ஐம்பத்து நான்கு வயதில், தனக்கு முன்னால் யாருமே பேசியிராத ஒரு மண்டபத்தில் முதல்முறையாக நின்றார். எதிரே முப்பது முகங்களும் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தன. அட, இத்தனை வருடமும் நான் இப்படித்தானே ஒருவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன் என்று தோன்றியதும் அவருக்குச் சிரிப்பே வந்துவிட்டது.

"குற்றமற்றவர். என் மானத்தின் மீது ஆணை."

சொன்னபடியே கடைசி வரிசை வரைக்கும் கேட்டது. பெண்கள் உட்கார்ந்திருந்த மாடத்தில் விசிறிகள் நின்றன. வாசலோரம் சர் ஜெர்வாஸ் யாரிடமோ குனிந்து ஏதோ சொன்னார். கார்ஸ்வுட் உட்கார்ந்தார்.

நடுவர் அடுத்த பெயரை அழைத்தார். இவருக்கு முந்தைய வருடம் பட்டம் வாங்கியவர். இருபது பேரில் ஒருவராக இவர் எண்ணி வைத்திருந்தவர். அவர் மெல்ல எழுந்து தொப்பியை எடுத்தார். காலையிலிருந்து தயாராக வைத்திருந்த சொல்லுக்காக வாயைத் திறந்தார், கார்ஸ்வுட்டைப் பார்த்தார், வாயை மூடிக்கொண்டு எச்சிலை விழுங்கினார்.