வலது கை

தாய்மாமன் சின்னான் மூன்றாவது முறையாக அந்த விரல்களைப் பிரிக்கப் பார்த்தார். அசையவில்லை. இரண்டு கட்டைவிரல்களையும் சேர்த்துக் கட்ட வேண்டும். ராஜபாண்டியின் வலது கட்டைவிரலோ மூடிய கைக்குள் இருந்தது. இருபது வருஷம் பனியன் பிரிண்டிங் பட்டறையில் ரப்பர் கட்டையைப் பிடித்துச் சாயம் இழுத்த கை. உயிரோடு இருந்தபோதே முழுசாக விரியாது.

"வெந்நிய ஊத்தி நீவுங்கண்ணே," என்றாள் ராஜபாண்டியின் மனைவி மூக்கம்மாள், அழுகைக்கு நடுவே.

மகள் நதியாவுக்கு எரிச்சல் பொங்கியது. கோயம்புத்தூர் ஹாஸ்டலிலிருந்து காலையில் வந்து இறங்கியதிலிருந்தே எதைப் பார்த்தாலும் எரிச்சல்தான். பந்தலில் அப்பாவோடு வேலை பார்த்த ஏழெட்டுப் பேர் ஒரே மாதிரி பனியன் போட்டு நின்றார்கள். நெஞ்சில் கறுப்பாக ஓங்கிய முஷ்டி. அமெரிக்கக் கறுப்பர்கள் உரிமை கேட்டு உயர்த்திய கை. அதைப் பற்றித்தான் அவள் இரண்டு வருஷமாக ஆராய்ச்சி செய்கிறாள். சாவு வீட்டுக்குப் போட்டு வர வேறு துணியா கிடைக்கவில்லை இவர்களுக்கு?

சூப்பர்வைசர் குமரனிடம் கேட்டேவிட்டாள்.

"ரிஜெக்ட் பீஸுங்க அம்மிணி. படம் இருக்கிற பிலிமைத் திருப்பி வெச்சு அச்சு ஸ்கிரீன் போட்டாச்சுங்க. டிசைன்ல வலது கை, இதுல இடது கை. எழுத்தா இருந்திருந்தா உடனே தெரிஞ்சிருக்கும்." குரலைத் தாழ்த்தினார். "அண்ணன் தன்னோட தப்புன்னு ஒத்துக்கிட்டாருங்க. போன வாரமே வேலையை விட்டு நிறுத்திட்டாங்க. ஊட்ல சொல்லலீங்களா?"

சொல்லவில்லை. நேற்றுக்கூட டிபன் டப்பாவோடுதான் கிளம்பினார் என்று அம்மா சொல்லி அழுதிருந்தாள். நதியா பனியன்களைப் பார்த்தாள். அத்தனையும் இடது கை. இவ்வளவு படித்தும் அது அவள் கண்ணில் படவில்லை.

போன மாதம் ஹாஸ்டலுக்கு அப்பாவிடமிருந்து போன் வந்தது. அத்தியாயம் எழுதிக்கொண்டிருந்தவள் மூன்று மாடி இறங்கி வந்து எடுத்தாள்.

"ஏளா நதியா, நீ படிக்கிற அந்தக் கை இங்க பிரிண்டுக்கு வந்திருக்கு. பிலிம்ல எந்தப் பக்கம் பாத்தாலும் சரியாத்தான் தெரியுது. அது வலது கையா, இடது கையாளா?"

"எந்தக் கையா இருந்தா என்னப்பா? அர்த்தம் ஒண்ணுதான். இதுக்கெல்லாமா போன் பண்ணுவிய?"

"சரிளா. நீ சொன்னா சரியாத்தான் இருக்கும்."

மகளைக் கேட்டுத்தான் செய்தேன் என்று அவள் பெயரைச் சொல்லித் தொலைத்திருந்தால் என்ன? பழியைத் தூக்கித் தலையில் போட்டுக்கொள்ளச் சொல்லி யார் அழுதார்கள்? கேட்டுச் சண்டை போட ஆள் இல்லை என்பதுதான் அவளுக்குத் தாங்கவில்லை.

வெந்நீர் வந்தது. சின்னான் விரல்களை இறுக்கிப் பிடித்தார். "கொஞ்சம் அமுக்கினா நிமிந்துரும். எலும்பு சத்தம் கேட்டா பயப்படாதிய."

"விடுங்க மாமா."

"கட்டணும்லா?"

"இங்க கொடுங்க."

துணிக்கிழிசலை வெடுக்கென்று வாங்கினாள். மூடிய கையை அப்படியே நெஞ்சின்மேல் வைத்து, மணிக்கட்டில் இரண்டு சுற்றுச் சுற்றி, இடது கட்டைவிரலோடு சேர்த்து முடிச்சுப் போட்டாள். முடிச்சு சரியாக விழவில்லை. இடது கை மேலே வந்துவிட்டிருந்தது.

அவிழ்த்து, வலது கையை மேலே வைத்து மறுபடி கட்டினாள்.